ரத்தம் வந்த நாள்

பெரியப்பாவின் வேலை, மற்றவர்களுக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பது. பயிற்சிக் காரில் அவர் பக்கத்திலும் ஒரு பிரேக் உண்டு. சர்க்கரை நோயால் வலது பாதம் எப்போதோ மரத்துப்போனதை அவர் யாரிடமும் மூச்சு விடவில்லை. எவ்வளவு அழுத்துகிறோம் என்பது காலுக்குத் தெரியாது. ஓட்டுபவரின் தலை எவ்வளவு முன்னால் போகிறது என்று பார்த்துத்தான் பிரேக்கை அளந்துகொண்டார். நெற்றி ஸ்டியரிங்கில் இடித்தால் கொஞ்சம் அதிகம் என்று பொருள்.

அந்தக் கால்தான் ஷூவுக்குள் கிடந்த சட்டைப் பித்தானை நாள் முழுக்க மிதித்திருக்கிறது. பெருவிரலுக்கு அடியில் புண். அதைக் காய்ப்பு என்று நினைத்து, மேலே பிளாஸ்திரி ஒட்டிக்கொண்டு பாடம் நடத்தினார்.

"காருக்குள்ள எலி செத்துக் கிடக்குன்னு சீட்டையெல்லாம் கழட்டிப் பாத்த மனுஷன் இவர். நாத்தம் அவர் கால்ல இருந்து வருது," என்று டாக்டரிடம் சொன்னாள் பெரியம்மா.

டாக்டர் இளம்பெண். "செத்த சதையை வெட்டி எடுக்கணும். அடியில நல்ல சதை இருந்தா ரத்தம் கசியும், விரல் தப்பிச்சிடும். கசியலைன்னா விரலை எடுக்கிற மாதிரி இருக்கும்."

மரத்த காலுக்கு ஊசிகூடத் தேவைப்படவில்லை. பெரியப்பா தலையைத் தூக்கி வேடிக்கை பார்த்தார். கத்தி சீவச் சீவ வெளிறிய சதையே வந்தது.

"அவசரமே இல்ல டாக்டர். ரோடு காலியாத்தான் இருக்கு."

"நீங்க பேசாம இருந்தா இன்னும் காலியா இருக்கும் சார்."

"அவர் வாயை அடக்க இந்தக் கத்தி பத்தாதும்மா," என்றாள் பெரியம்மா. ஆனால் அவள் பிடியில் என் மணிக்கட்டு நொறுங்கிக்கொண்டிருந்தது.

டாக்டர் மறுபடி சீவினார். ஒன்றுமில்லை. பெரியப்பா தூக்கிய தலையைப் படுக்கையில் சாய்த்துக்கொண்டார். அடுத்த சீவலில் ஒரு சிவப்புப் புள்ளி. பக்கத்திலேயே இன்னொன்று. பிறகு புண்ணின் அடி முழுக்கச் செக்கச்செவேலென்று கசிந்தது.

முகக்கவசத்துக்கு மேலே டாக்டரின் கண்கள் சிரித்தன. "விரல் உங்களுதுதான் சார். ஆனா ஆறுற வரைக்கும் அந்தக் காலைத் தரையில ஊனக் கூடாது. தினமும் கட்டு மாத்தணும். கார் பக்கமே போகக் கூடாது."

"ஊர் பொழைச்சுது," என்ற பெரியம்மாவுக்குச் சிரிப்பு பிடித்துக்கொண்டது. அடக்க முடியாமல் வெளியே ஓடினாள். வராந்தா பெஞ்சில் இருந்த ஓர் அம்மாள் எழுந்துவிட்டார்.

"என்னம்மா ஆச்சு?"

"எங்க வீட்டுக்காரருக்கு ரத்தம் வந்துடுச்சுங்க. நல்லா வந்துடுச்சு," என்றாள் பெரியம்மா, கண்ணைத் துடைத்தபடி.

அந்த அம்மாள் பதறிப்போய்த் தன் தண்ணீர் பாட்டிலை நீட்டினார். பெரியம்மா அதைக் கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டு அவரைக் கட்டிக்கொண்டாள்.