பாலாம்பிகை திருத்திய சொல்

1972ஆம் ஆண்டு ஆடி மாதத்தில் ஒரு திங்கட்கிழமை. ஹுன்னஸ்கிரியவிலிருந்து முதல் பஸ்ஸைப் பிடித்து வந்த வீரம்மா, கண்டிக் கடைத்தெருவில் ஹாஷிம் நானாவின் கடதாசிக் கடை விறாந்தையில் ஏறியதும் ஏறாததுமாக அழ ஆரம்பித்துவிட்டாள். இடுப்பில் செருகியிருந்த தாளை எடுத்து, அங்கே தட்டச்சு இயந்திரத்தின் முன்னால் உட்கார்ந்திருந்த பாலாம்பிகையிடம் நீட்டினாள். தோட்டத்துத் தேயிலைத் தொழிற்சாலைச் சுவரிலிருந்து கிழித்து வந்த தாள். ஒரு மூலையில் பசை காய்ந்து சுண்ணாம்பு ஒட்டியிருந்தது.

"இதுல எங்கள என்னன்னு எழுதியிருக்குன்னு கொஞ்சம் படிச்சுச் சொல்லுங்கம்மா. எங்க மக கல்யாணம் நின்னுபோச்சு."

பாலாம்பிகைக்கு அப்போது முப்பது வயது. கலகெதரவில் தேநீர்க்கடை வைத்திருந்தவரின் ஒரே மகள். பள்ளிக்கூடத்தில் கெட்டிக்காரி. தமிழ், ஆங்கிலம் இரண்டிலும் தட்டச்சுத் தேர்வில் முதலாவதாக வந்தவள். அரசாங்கக் கந்தோரில் அலுவலக வேலைக்கு நேர்முகத்துக்குக்கூட அழைத்தார்கள். போன இடத்தில் பிரஜாவுரிமைச் சான்றிதழைக் கேட்டார்கள். அவளுடைய அப்பா திருச்சிப் பக்கத்திலிருந்து வந்தவர். மனுப் போட்டு, பத்திரங்கள் போதாதென்று அது திரும்பிவர, மறுபடியும் மனுப் போட்டு, பதிலுக்குக் காத்திருந்தபடியே இறந்துபோனார். சான்றிதழ் இல்லை, அதனால் வேலையும் இல்லை. அப்பாவின் பழைய நண்பரான ஹாஷிம் நானாதான் கடை விறாந்தையில் ஒரு மேசையும் இரண்டு கதிரைகளும் போட்டுக் கொடுத்து, "ஒங்கட கைல தொழில் ஈக்கி மகள். கந்தோர் ஒங்கள எடுக்காட்டி, கந்தோருக்கு எழுதுறவங்க ஒங்களத் தேடி வருவாங்க" என்றார். அப்படியே ஆயிற்று. கண்டியைச் சுற்றியுள்ள தேயிலைத் தோட்டங்களில் அவளை 'டைப்பு அம்மா' என்று சொன்னால் தெரியாதவர்கள் குறைவு.

தாளை அவள் மேசையில் விரித்துப் படித்தாள். பிரஜாவுரிமைக்கு விண்ணப்பித்து, இந்தியப் பக்கமும் சேராமல் இலங்கைப் பக்கமும் சேராமல் முடிவு தெரியாமல் இருப்பவர்களின் பெயர்ப்பட்டியல் அது. சிங்களம், தமிழ், ஆங்கிலம் மூன்றிலும் இருந்தது. தமிழில் மேலே கொட்டை எழுத்தில் 'வகையிலார் பட்டியல்' என்று போட்டிருந்தது. ஒவ்வொரு பெயருக்கும் நேரே 'நிலை' என்ற இடத்தில் ஒரே சொல்: வகையின்மை.

"காலையில பேரு கூப்பிடற பிரட்டுக்களத்துல எல்லார் முன்னாலயும் ஒரு பய சத்தம்போட்டு வாசிச்சுட்டான்," என்றாள் வீரம்மா. "வகையத்தவங்க லிஸ்டுல வீரம்மா குடும்பம்னு. சம்பந்தி வீட்டு ஆளு ஒருத்தரும் அங்கதான் நின்னுக்கிட்டிருந்தாரு. சாயந்தரமே கறுப்பையா அண்ணன் சொல்லியனுப்பிட்டாரு. வகையத்த குடும்பத்துல பொண்ணு எடுத்தா, நாளைக்கி எங்க பேரன் பேத்தியும் வகையத்துப் போயிரும்னு. நாங்க என்னம்மா வகையத்தவங்க? ஒழைச்சுத்தானே சாப்பிடறோம்?"

கறுப்பையா பக்கத்துத் தோட்டத்துக்காரர். அவருடைய குடும்பத்துக்கு முந்திய வருடம்தான் இலங்கைப் பிரஜை என்று சான்றிதழ் கிடைத்திருந்தது. வீரம்மாவின் மகள் வேலாயியை அவருடைய மகனுக்குப் பேசி, ஆவணியில் நாளும் குறித்திருந்தார்கள்.

பாலாம்பிகையின் விரல் பட்டியலில் கீழே இறங்கியது. தோட்டத்து ஆட்களின் பெயர்களுக்குப் பிறகு நகரத்து ஆட்களின் பெயர்கள். நூற்றுப் பதினாலாவது இடத்தில் அவளுடைய பெயரே இருந்தது. அதற்கு நேரேயும் அதே சொல். அவள் தாளை மடித்து ஹாஷிம் நானாவிடம் நீட்டினாள்.

ஹாஷிம் நானா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு சிங்களப் பகுதியைப் படித்துப் பார்த்தார். "இதுல ஒரு குத்தமான பேச்சும் இல்லியே. இன்னும் பிரிக்கல்லண்டுதான் ஈக்கி. தமிழுலதான் எனத்தயோ ஆகிப்போயிருக்கி."

அந்தத் தமிழை எழுதியவர் தனபாலன் என்ற மொழிபெயர்ப்பாளர். யாழ்ப்பாணத்துக்காரர், நாற்பத்தைந்து வயதிருக்கும். பட்டியலை வெளியிட்ட அலுவலகத்தில் தமிழ்க் கடதாசிகள் எல்லாம் அவர் கையால்தான் போகும். மனுக்களோடு போய்வந்ததில் பாலாம்பிகைக்கு அவர் முகம் தெரியும். சிரிக்கமாட்டார், ஆனால் யாரையும் நிற்கவைத்துப் பேசவும் மாட்டார். அன்று மத்தியானமே அவள் போய் அவர் எதிரே உட்கார்ந்தாள். விஷயத்தைச் சொன்னாள்.

தனபாலன் அலுமாரியைத் திறந்து தடித்த அகராதி ஒன்றை எடுத்துவந்தார். "பட்டியலில இருக்கிற இங்கிலீசுச் சொல்லே லேசில அகப்படாத சொல். சின்ன அகராதியில தேடினால் கிடையாது. எந்த வகுப்பிலும் இன்னும் சேர்க்கப்படாமல் இருக்கிற தன்மை. அதுக்குத் தமிழில வகையின்மை. வகை எண்டால் பிரிவு, இன்மை எண்டால் இல்லாமை. பிழை எங்க இருக்கு, சொல்லுங்கோ?"

"சொல்லுல இல்ல சார். ஒரு மனுசனப் பாத்துச் சொல்றதுலதான் இருக்கு. எங்க ஆளுங்க காதுல அது வேற மாதிரி விழுது. கஞ்சிக்கு வழியில்லாதவன், கேக்க நாதியில்லாதவன், அவனத்தான் வகையத்தவன்னு சொல்லுவோம்."

"உது பேச்சுவழக்கு, பிள்ளை. பேச்சுவழக்கைப் பாத்துச் சட்டச்சொல்லு எழுதேலாது. அப்பிடித்தான் எல்லாரும் பாவிக்கினம் எண்டால் பாவனைக்கு உதாரணம் காட்டுங்கோ, பாப்பம்."

வேறொருத்தியாயிருந்தால் முகத்தைத் தூக்கிக்கொண்டு வந்திருப்பாள். பாலாம்பிகை அந்த வார்த்தையை அப்படியே பிடித்துக்கொண்டாள். ஹாஷிம் நானாவிடம் ஒரு கொப்பி வாங்கித் தட்டச்சு இயந்திரத்துக்குப் பக்கத்தில் வைத்தாள். தன் முன்னால் வந்து உட்காருகிறவர் வாயிலிருந்து வகை என்ற சொல் விழும்போதெல்லாம் அதைச் சொன்னபடியே எழுதி, சொன்னவர் பெயரையும் தோட்டத்தையும் தேதியையும் பக்கத்தில் குறித்தாள். யாரிடமும் வாயைப் பிடுங்கிக் கேட்கவில்லை. தானாக வந்ததை மட்டும் எழுதினாள்.

இரண்டு வாரத்தில் நாற்பத்திரண்டு வாக்கியங்கள் சேர்ந்தன. 'ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போக வகையில்லாம வீட்டுலயே வச்சிருந்தோம்.' 'மேஸ்திரிகிட்ட வகையா மாட்டிக்கிட்டேன்.' 'மூத்தவளுக்கு வகையான எடம் அமைஞ்சிருச்சு.' பேராதனைச் சந்தியில் ரயில்வே வேலை பார்க்கும் ஒருவர், தன் தம்பி வகைதொகையில்லாமல் குடிப்பதாகச் சொல்லி வருத்தப்பட்டார். மாமியார்மீது பெட்டிசன் எழுத வந்த ஒரு பெண், "ஒங்க வீடு வகையத்த வீடுன்னு என்னப் பாத்து சொல்லிட்டாங்கம்மா" என்று சொல்லி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். அதையும் பாலாம்பிகை எழுதினாள். பிறகு அந்தப் பெண்ணுக்குத் தண்ணீர் கொடுத்தாள்.

கொப்பியை வாங்கிய தனபாலன், முதலில் ஒரு பரீட்சைத் தாளைத் திருத்துகிறவர் மாதிரி பென்சிலோடுதான் படிக்கத் தொடங்கினார். நாலாவது பக்கத்தில் பென்சிலைக் கீழே வைத்தார். முழுவதையும் படித்துவிட்டுக் கொப்பியை மூடி வைத்தார்.

"அப்பா செத்த வருசம்," என்றார். "அம்மா அடுப்படிக் குசினி வாசலில நிண்டு, இனி எங்களுக்கு ஒரு வகையும் இல்லையடா எண்டு சொல்லி அழுதவ. எனக்கு அப்ப பன்ரெண்டு வயசு. இந்தச் சொல்லை எழுதேக்க அது எனக்கு ஞாபகம் வரேல்லை, பாருங்கோ."

பாலாம்பிகைக்கு வெற்றி பெற்றதாகத் தோன்றவேயில்லை. அவர் ஒரு வெள்ளைத்தாளை எடுத்து நடுவில் வைத்தார்.

"சரி. வேற என்ன போடலாம்? வகைப்படாமை?"

அவள் யோசித்தாள். "அதுலயும் ஏதோ இவங்க வகைப்பட மாட்டேன்னு அடம்பிடிச்சு நிக்கிற மாதிரி இருக்கு சார். பிரிக்கவேண்டியது கந்தோரு. இன்னும் பிரிக்காததும் கந்தோரு. அப்பறம் கொறைய ஏன் மனுசங்க தலையில வைக்கணும்? வகைப்படுத்தாமைன்னு போட்டா என்ன?"

தனபாலன் அந்தச் சொல்லை மெதுவாக எழுதினார். இன்மை என்றால் அவனிடம் இல்லை. படாமை என்றால் அவனுக்கு நடக்கவில்லை. படுத்தாமை என்றால் யாரோ செய்யவேண்டியதைச் செய்யவில்லை. மூன்றையும் ஒன்றின் கீழ் ஒன்றாக எழுதிப் பார்த்தார். அவருடைய மீசைக்கடியில் ஒரு சிரிப்பு வந்து போயிற்று. அவரிடம் சிரிப்பைப் பாலாம்பிகை பார்த்தது அதுதான் முதல் தடவை.

"எங்கட கந்தோர்ப் பெரியவருக்குத் தமிழ் தெரியாது. தெரிஞ்சால் கையெழுத்து வைக்கமாட்டார்," என்றார். "தலைப்பு, வகைப்படுத்தப்படாதோர். நிலை, வகைப்படுத்தாமை. புதுப் பட்டியல் அடுத்த கிழமை போகும்."

"ரொம்ப நன்றி சார். ஆனா அந்தக் கல்யாணம்?"

"ஞாயிற்றுக்கிழமை உங்களுக்கு வேலை இருக்கோ?"

ஞாயிறு காலை இருவரும் பஸ் ஏறினார்கள். தெல்தெனிய தாண்டியதும் தனபாலனுக்குத் தலைசுற்ற ஆரம்பித்தது. வளைவுக்கு வளைவு கண்ணை மூடிக்கொண்டார். ஹுன்னஸ்கிரியவில் இறங்கியபோது முகம் வெளுத்திருந்தது. வீரம்மா இஞ்சி தட்டிப்போட்டுப் பாலில்லாத சாயத் தேநீர் கொடுத்தாள். பிறகு மூவருமாகத் தேயிலைக்கு நடுவில் ஏறி, கறுப்பையா குடியிருந்த லயத்து வரிசை வீட்டுக்குப் போனார்கள்.

கறுப்பையா வாசலில் கதிரை எடுத்துப்போட்டு மரியாதையாகத்தான் உட்காரவைத்தார். ஆனால் வந்த காரியத்தைச் சொன்னதும் முகம் இறுகிவிட்டது.

"டைப்பு அம்மா, நீங்க படிச்சவங்க. ஒங்களுக்கு இது வெறும் எழுத்து. எங்களுக்கு அப்படியில்ல. இருவது வருசமா அலைஞ்சு இப்பத்தான் ஒரு கடதாசி கெடச்சிருக்கு. அந்தக் குடும்பத்த லிஸ்டுலயே போட்டுட்டாங்க. தெரிஞ்சே போயி எப்படிம்மா விழறது?"

பாலாம்பிகை பையிலிருந்து பழைய பட்டியலை எடுத்து விரித்தாள். கறுப்பையாவுக்கு எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரியும். அவள் நூற்றுப் பதினாலாவது வரியில் விரலை வைத்தாள். அவர் குனிந்து, உதட்டை அசைத்து அசைத்துப் படித்தார். நிமிர்ந்து அவளைப் பார்த்தார்.

"நானும் அதுலதாண்ணே இருக்கேன். என்னைய இப்ப கதிரை போட்டு ஒக்கார வச்சிருக்கீங்க. அந்தப் பொண்ண மட்டும் ஏன் வேணாங்கறீங்க?"

அவர் பதில் சொல்வதற்குள் தனபாலன் எழுந்து நின்றார்.

"ஐயா, அந்தச் சொல்லை எழுதினவன் நான்தான். பிழை என்ர. அந்தச் சனத்தில ஒரு குறையும் இல்லை. கந்தோர் இன்னும் முடிவெடுக்கேல்லை, அவ்வளவுதான். மற்றது, பேரப்பிள்ளையளைப் பற்றிப் பயப்பிடாதேங்கோ. தகப்பன் பிரஜை எண்டால் பிள்ளையும் பிரஜை. சட்டம் அப்பிடித்தான். வேணுமெண்டால் எழுதி, என்ர பேரும் போட்டுத் தாறன்."

கறுப்பையா பாலாம்பிகையின் பக்கம் சாய்ந்து, "சாரு என்னம்மா சொல்றாரு? பாதிதான் புரியுது" என்றார். அவள் சொன்னாள். பிழை தன்னுடையது என்று அவர் சொன்னதைச் சொன்னபோது, கறுப்பையா மறுபடியும் அதையே கேட்டார். அவள் மறுபடியும் சொன்னாள்.

"எங்கப்பன் காலத்துலருந்து கந்தோரு வாசல்ல நின்னுருக்கோம்," என்றார் அவர். "கந்தோருல இருந்து ஒருத்தர் நம்ம லயத்துக்கே வந்து, தப்பு என்னோடதுன்னு சொல்றத இன்னைக்குத்தான் பாக்கறேன்." உள்ளே கதவுக்குப் பின்னால் வளையல் சத்தம் கேட்டது. அவருடைய மனைவி ஏதோ மெதுவாகச் சொன்னாள். கறுப்பையா தொண்டையைச் செருமிக்கொண்டு வீரம்மாவைப் பார்த்தார். "நாம குறிச்ச நாளு குறிச்ச நாளாவே இருக்கட்டும், தங்கச்சி. நான் அவசரப்பட்டுட்டேன்."

வீரம்மா அன்றும் அழுதாள். ஆனால் அவளே சிரித்துக்கொண்டு, "எனக்கு எதுக்கெடுத்தாலும் இதே வேலை" என்றாள்.

ஆவணியில் வேலாயிக்குக் கல்யாணம் நடந்தது. தனபாலன் தலைசுற்றலையும் பொருட்படுத்தாமல் மறுபடி மலை ஏறி வந்து, எலுமிச்சங்காயை முகர்ந்தபடி முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். புதிய பட்டியல் தோட்டச் சுவர்களில் ஏறியது. வகைப்படுத்தாமை வாயில் நுழைவதற்குக் கொஞ்சம் கஷ்டமான சொல். ஆகவே அதை வைத்து யாரையும் திட்ட முடியவில்லை. ஜனங்கள் அதைச் சுருக்கி, "இன்னும் பிரிக்கலயாம்" என்று சொல்லிவிட்டுப் போனார்கள்.

சொல் மாறியதால் முடிவு வந்துவிடவில்லை. எத்தனையோ குடும்பங்கள் பெட்டியைக் கட்டிக்கொண்டு இந்தியாவுக்குப் போக ரயில் ஏறின. பாலாம்பிகை அவர்களுக்கெல்லாம் கடைசிக் கடதாசிகளை அடித்துக் கொடுத்தாள். ஒவ்வொரு பெயரையும் இரண்டு முறை சரிபார்த்துத்தான் கொடுப்பாள். அவளுடைய சொந்தக் கோப்பு மட்டும் ஆண்டுக்கணக்கில் அசையவில்லை. 1988இல் நாடற்றவர்களுக்கென்று புதுச் சட்டம் வந்த பிறகுதான் அவளும் இலங்கைப் பிரஜை ஆனாள். அன்று ஹாஷிம் நானா கடையைப் பூட்டிவிட்டுத் தெருவிலிருந்த அத்தனை பேருக்கும் இனிப்பான வட்டிலப்பம் கொடுத்தார்.

சான்றிதழை வாங்கியதும் பாலாம்பிகை செய்த முதல் காரியம், சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளர் பரீட்சைக்கு விண்ணப்பித்தது. இதற்குள் சிங்களம் எழுதவும் கற்றிருந்தவள், நாற்பத்தேழு வயதில், தனக்குப் பிள்ளை வயதிலிருந்தவர்களோடு உட்கார்ந்து எழுதினாள். பாஸ் பண்ணினாள். பெயர்ப்பலகை மாட்டிய முதல் நாள், கட்டுகஸ்தோட்டையிலிருந்து ஒரு சிங்களப் பெரியவர் பழைய தமிழ்க் காணி உறுதிப் பத்திரம் ஒன்றைக் கொண்டுவந்தார். பாலாம்பிகை அதை வரி வரியாகப் படித்து வந்தாள். ஏழாவது வரியில், காணியின் எல்லையைச் சொல்லும் இடத்தில், அவள் கேள்விப்பட்டேயிராத ஒரு சொல் வந்தது. அதை இரண்டு முறை வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தாள். அது எந்தப் பக்கத்துச் சொல் என்றுகூடப் பிடிபடவில்லை.

"மாத்தயா, நாளைக்கு வாங்க," என்று சிங்களத்தில் சொன்னாள். "ஒரு சொல்லு தெரியல. தெரிஞ்சுக்கிட்டுத்தான் எழுதுவேன்."

பெரியவர் தலையாட்டிவிட்டுப் போனார். பாலாம்பிகை அந்தச் சொல்லை ஒரு துண்டுத்தாளில் எழுதிக் கைப்பையில் வைத்தாள். தட்டச்சு இயந்திரத்தை மூடினாள். குடையை எடுத்துக்கொண்டு பேராதனை பஸ்ஸுக்கு நடந்தாள். அங்கே பல்கலைக்கழக நூலகம் மாலை வரை திறந்திருக்கும்.