பலகைக்கு அடியில் மூன்று தட்டு

இது நடந்தது. கனவு இல்லை, காய்ச்சல் உளறலும் இல்லை. நடுராத்திரியாக இருந்திருந்தால் நானே என்னை நம்பியிருக்க மாட்டேன். பட்டப்பகல், மூன்று மணி. ஜன்னல்களெல்லாம் திறந்திருந்தன. பக்கத்து வீட்டில் யாரோ துணி உதறும் சத்தம்கூடக் கேட்டுக்கொண்டிருந்தது.

அந்தப் பலகையை இன்னும் வைத்திருக்கிறேன். நம்பாதவர்களுக்குத் திருப்பிக் காட்டுவேன். பார்த்த பிறகு யாரும் மேற்கொண்டு கேட்டதில்லை.

அந்த வீடு அக்காவுடையது. என் கணவர் வேறொருத்தியோடு போன பிறகு, இரண்டு பெட்டிகளோடு வாசலில் நின்ற என்னிடம் சாவியை நீட்டினாள்.

"நீ என்ன எனக்குப் பிறத்தியாளா? இருந்துக்கோ. வாடகைப் பேச்சை எடுத்தே, பல்லை உடைப்பேன்."

அவளும் அத்தானும் மூன்றாவது மாடியில் ஒரு வீடு பார்த்துக்கொண்டு போனார்கள். அங்கே லிஃப்ட் கிடையாது. அக்காவுக்கோ இரண்டு முட்டியும் தேய்ந்துபோனவை.

"இந்த முட்டியை வச்சுக்கிட்டு மூணாவது மாடியாக்கா?" என்று கேட்டேன்.

"காத்து நல்லா வரும்."

"காத்து வரும், போகும். உங்கக்கா ஏறினா அவ்வளவுதான், அப்புறம் இறக்க நாலு பேர் வேணும்" என்றார் அத்தான்.

நான் சிரித்தேன். யோசிக்கவில்லை. எல்லோரும் கைவிட்ட நேரத்தில் தாங்கிப் பிடித்த கையை யார் புரட்டிப் பார்ப்பார்கள்?

நடு அறைக்கு மரத்தரை. ஒரு ஆணி கிடையாது. சிமெண்டுத் தளத்தில் பசையைத் தடவி, அதன் மேல் பலகை பலகையாக ஒட்டியிருந்தது. துணி துவைக்கும் மெஷினின் குழாய் ஒருநாள் விட்டுப்போய், தண்ணீர் அந்த அறைக்குள் இறங்கிவிட்டது. பலகைகளின் ஓரங்கள் தூக்கிக்கொண்டன. நடந்தால் கால் இடறியது. ஈர நாற்றம் வேறு.

அக்காவுக்குப் போன் செய்தேன். "தரையை எடுத்துடணும்கா. ஆளைக் கூப்பிடட்டுமா?"

"ஆள் எதுக்கு? நீயே எடுத்துடலாம். உளி, சுத்தியல் எல்லாம் படிக்கட்டுக்கு அடியில இருக்கு. முதல்ல தட்டிப் பாரு. பசை பிடிச்ச இடம் கல்லு மாதிரி கேக்கும். விட்ட இடம் பொள்ளுனு கேக்கும். அங்கேருந்து ஆரம்பி."

போனை வைக்கப் போனவள் மறுபடியும் சொன்னாள்.

"சுத்தியலால தட்டாத. கையால தட்டு. காது கொடுத்துக் கேளு."

மறுநாள் மதியம் தொடங்கினேன். கதவோரம் ஏற்கெனவே தூக்கியிருந்த பலகையின் அடியில் உளியைச் செருகி, சுத்தியலால் ஓங்கினேன். பழைய துணியைக் கிழிப்பதுபோல 'பர்ர்ர்' என்று பசை விட்டது. அடியில் சிமெண்டின் மேல், சீப்பால் வாரியதுபோல வரிவரியாகக் காய்ந்த பசை. ஒவ்வொரு அடியும் என் கணவரின் மண்டையில் விழுவதாக வைத்துக்கொண்டேன். வேலை நன்றாகவே ஓடியது. மாதக்கணக்கில் நெஞ்சில் கட்டிநின்ற ஏதோ ஒன்று அந்தப் பலகைகளோடு பெயர்ந்து வருவதுபோல இருந்தது. இந்த வீட்டில் பிழைத்துக்கொள்வேன் என்று அன்றுதான் முதன்முதலாக நினைத்தேன்.

அறையின் நடுப்பகுதிக்கு வந்ததும் பிடி இறுகியது. உளி இறங்கவில்லை. அக்கா சொன்னபடி விரலை மடக்கித் தட்டிக்கொண்டே போனேன்.

கல். கல். கல்.

ஜன்னலுக்கு எதிரே ஒரு பலகை. பொள்.

அதன்மேல் காதை வைத்தேன்.

டொக் டொக்... டொக்.

நான் தட்டவில்லை. என் கை மடியில் இருந்தது.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். சின்ன வயதில் எனக்கும் அக்காவுக்கும் அடுத்தடுத்த அறைகள். நடுவில் ஒரு பலகைத் தடுப்பு. விளக்கணைத்த பிறகு அக்கா தட்டுவாள். வேகமாக இரண்டு, நிறுத்தி ஒன்று. 'இருக்கியா?' என்று அர்த்தம். நான் நிதானமாக இரண்டு தட்டுவேன். 'இருக்கேன்.' அம்மாவுக்குக்கூடத் தெரியாது. அது எங்கள் இரண்டு பேருடையது. திருமணமான பிறகு நான் ஆஸ்பத்திரியில் கிடந்தபோதும், அவள் என் கட்டில் சட்டத்தில் அப்படித்தான் தட்டினாள்.

அந்தச் சத்தம்தான்.

பயம் வருவதற்கு முன்னால் வேறொன்று வந்தது. சொல்ல வெட்கமாக இருக்கிறது. ஆறுதல் வந்தது. என்னை யாரும் 'இருக்கியா' என்று கேட்டுப் பல நாளாகியிருந்தது. மூளை யோசிப்பதற்குள் கை மடங்கிவிட்டது.

டொக்... டொக்.

பக்கத்து வீட்டுத் துணிச் சத்தம் நின்றது. தெருச் சத்தமும் நின்றது. காதில் பஞ்சு அடைத்ததுபோல.

அப்போது அந்தப் பலகை தானாக விட்டது. உளி படவே இல்லை. 'டப்' என்று ஒரு முனை எழும்பியது.

தூக்கித் திருப்பினேன்.

அடிப்பக்கம் முழுக்கக் காய்ந்த பசை. நடுவில் ஒரு இடத்தில் மட்டும் பசை இல்லை. மரம் குழிந்து, பளபளவென்று தேய்ந்திருந்தது. விரல் முட்டி அளவுக்கு. ஒரே இடத்தில் வருடக்கணக்காகத் தட்டினால் கதவு தேயுமே... அப்படி.

கீழே பார்த்தேன். வெறும் சிமெண்டு. விரிசல் இல்லை. ஓட்டை இல்லை. பலகைக்கும் தளத்துக்கும் நடுவே ஒரு காகிதம் நுழையக்கூட இடம் இருந்திருக்காது.

சிமெண்டின் மேல் உள்ளங்கையை வைத்தேன்.

அது மெல்ல அதிர்ந்தது.

டொக் டொக்...

மூன்றாவது தட்டுக்கு நான் அங்கே இல்லை.

வெறுங்காலோடு தெருமுனை வரை ஓடினேன். போன் மட்டும் எப்படியோ கையில் இருந்தது. அக்கா முதல் மணியிலேயே எடுத்தாள். பக்கத்திலேயே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவள்போல.

"அக்கா... கீழ ஏதோ தட்டுதுக்கா. நம்ம மாதிரியே தட்டுது."

அவள் 'என்ன' என்று கேட்கவில்லை. 'பயப்படாதே' என்றும் சொல்லவில்லை.

"நீ பதில் தட்டினியா?"

"தட்டிட்டேன்."

போனில் ஒரு பெருமூச்சு கேட்டது. நீளமாக... வருடக்கணக்கில் தூக்கிச் சுமந்ததைத் தரையில் இறக்கிவைப்பவள் விடுவது. பிறகு வைத்துவிட்டாள். அதன் பிறகு என் அழைப்பை அவள் எடுக்கவே இல்லை.

அன்றே ஒரு தோழியின் வீட்டுக்குப் போய்விட்டேன். என் பெட்டிகளையும் அந்தப் பலகையையும் அவள்தான் போய் எடுத்து வந்தாள். மறுநாள் காலை அத்தான் கூப்பிட்டார். குரலில் அவ்வளவு சந்தோஷம்.

"உங்கக்காவுக்கு என்னம்மா மந்திரம் போட்ட? நேத்து அடிச்சுப் போட்ட மாதிரி தூங்கினா. இங்க வந்ததிலிருந்து தினம் கட்டில்லேருந்து குனிஞ்சு, தரையை ரெண்டு தட்டு தட்டிட்டுத்தான் படுப்பா. கீழ்வீட்டுக்காரன் சண்டைக்கே வந்துட்டான். அந்த வீட்லயும் இதே கூத்துதான். அந்த மரத்தரையைக்கூட அவதானே அடம்பிடிச்சுப் போட வச்சா? ஆணி வேணாம், பசையைக் கொட்டி ஒட்டுங்கன்னு நின்னா. நேத்து ஒரு தட்டு இல்லை."

தோழியின் வீடு ஐந்தாவது மாடி. கீழ்வீடு காலியாகக் கிடக்கிறது. இருந்தும் தரைக்கு அடியிலிருந்து அந்தத் தட்டு வருகிறது. இதை எழுதும்போதும் என் வலது கையை இடது கையால் பிடித்துக்கொண்டுதான் எழுதுகிறேன் என்றால் சிரிப்பீர்கள். அவ்வப்போது விட வேண்டியிருக்கிறது. விட்டால் மடங்கிக்கொள்கிறது.

அது என்ன என்று எனக்குத் தெரியாது. எப்போதிலிருந்து அங்கே இருந்தது என்பதும் தெரியாது. ஒன்றுதான் தெரியும். அந்தத் தட்டை உலகத்தில் அறிந்தவர்கள் இரண்டே பேர்.

அதற்குச் சொல்லிக்கொடுத்தது நான் இல்லை.