நெய்தி கூப்பிடும் பெயர்கள்

"இந்தக் கோயில்களைக் கட்டின மாயா ஜனங்களெல்லாம் எங்கே மறைந்து போனார்கள்?" என்று யாராவது நெய்தியிடம் கேட்டால் நான் வேனை விட்டு இறங்கி அவள் பக்கம் போய்விடுவேன். பதில் கேட்கத்தான். அந்தக் கேள்வி வராத வாரம் கிடையாது. அவளும் ஒரு தடவை சொன்னதை மறுதடவை சொல்ல மாட்டாள்.

"எங்கேயும் போகலீங்க. மத்தியானச் சாப்பாட்டுக்குப் போயிருந்தோம். திரும்பி வந்து பார்த்தா எங்க வாசல்லயே டிக்கெட் கேக்கறாங்க!"

கேட்டவர் சிரிக்க ஆரம்பித்து, அவள் முகத்தைப் பார்த்து, பாதியில் நிறுத்துவார். அவள் விடமாட்டாள். என்னைக் கைகாட்டி, "அதோ பாருங்க, மறையாத இன்னொருத்தன். பெருசா ஒண்ணும் எதிர்பார்க்காதீங்க, வண்டி மட்டும் நல்லா ஓட்டுவான்" என்பாள்.

அந்த இன்னொருத்தன் நான்தான், ருசேல் உக். எனக்கும் நெய்தி போத்துக்கும் ஒரே ஊர், யாஷ்துன். வயாதொலித் நகரத்துச் சதுக்கத்தில் காலையில் ஆட்களை ஏற்றிக்கொண்டு, எங்கள் ஊர்ப் பக்கத்துப் பழங்கோயில் படிகளைக் காட்டி, மத்தியானம் சாப்பாடு போட்டு, சுனையில் குளிக்கவைத்து, இருட்டுவதற்குள் கொண்டுவந்து விடுகிறோம். வருஷக்கணக்காக ஒரே வேனில் ஓடுகிறோமே தவிர, எங்களுக்குள் ஒத்துப்போகாது. நான் பாட்டுப் போட்டால் அவள் நிறுத்துவாள். அவள் ஜன்னலைத் திறந்தால் நான் மூடுவேன். ஆனாலும் சொல்கிறேன், இந்த வேலையில் அவளைப் போல் இன்னொருத்தியை நான் பார்த்ததில்லை. இனிமேல் பார்க்கப்போவதுமில்லை.

இளவயதில் அவள் அந்தக் கோயில் வாசலில் பூவேலை செய்த வெள்ளை அங்கிகள் விற்றுக்கொண்டிருந்தாள். வெளியூர் வழிகாட்டி ஒருவன் தினமும் கூட்டத்தை நிறுத்திவைத்து, இந்தப் படிகளில் ரத்தம் ஆறாக ஓடியது என்று கையை ஆட்டி ஆட்டிச் சொல்வான். ஒருநாள் அவளுக்குப் பொறுக்கவில்லை. "ஐயா, அந்தப் படியில எங்கப்பா மக்காச்சோளம்தான் காயப்போட்டாரு. ரத்தம் வந்தது ஒரே ஒரு தடவை, எங்க அண்ணன் வழுக்கி விழுந்து மூக்கை ஒடைச்சுக்கிட்டப்போ" என்றாளாம். கூட்டம் மொத்தமும் அங்கி விற்கிறவள் பக்கம் திரும்பிவிட்டது. தானே வழிகாட்டி ஆவதென்று அன்றைக்கே அவள் முடிவுசெய்துவிட்டாள். பகலில் விற்று, பிள்ளைகளைத் தூங்கவைத்துவிட்டுப் படித்து, முதல் தடவை தேர்வில் தோற்று, ஊர் சிரித்ததைத் துடைத்துப் போட்டுவிட்டு மறுபடி உட்கார்ந்து ஜெயித்தாள். அவள் புருஷன் பிலிபெர்த்தோ தேனீ வளர்க்கிறவன், வாய் திறந்து நாலு வார்த்தை பேசாதவன். அவன் பங்கையும் சேர்த்து இவள் பேசுகிறாள் என்று ஊரில் சொல்வோம்.

அவள் தண்ணீரை விட்டுக் கிளம்பும் விதத்தைத்தான் முக்கியமாகச் சொல்ல வந்தேன்.

எங்கள் பக்கத்தில் ஒருவர் ஓரிடத்தில் திடுக்கிட்டாலோ, அளவுக்கு மீறி ஆனந்தப்பட்டாலோ, உசிரில் கொஞ்சம் அங்கேயே தங்கிவிடும். ஆள் மட்டும் வீட்டுக்கு வந்து சேருவான். சாப்பாடு இறங்காது, தூக்கம் வராது, ஏனென்று அவனுக்கே தெரியாது. அதனால் கிளம்பும்போது பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு அழைத்துக்கொண்டு போகவேண்டும். நெய்தி காலையிலேயே ஒவ்வொருவரிடமும் பெயரைக் கேட்டு, நாக்குப் புரளும்வரை சொல்லிப் பார்த்துக்கொள்வாள். சாயங்காலம் எல்லோரும் துவட்டிக்கொண்டு மேலே வந்ததும், சுனையின் விளிம்பில் நின்று ஒரு பச்சைக் கொப்பால் தரையைத் தட்டித் தட்டிக் கூப்பிடுவாள். "இங்க்ரித், கோஷ்! போகலாம் வா. தங்கிடாதே." கோஷ் என்றால் எங்கள் பாஷையில் கிளம்பு என்று அர்த்தம். பக்கத்திலேயே நிற்கிற இங்க்ரித் சிரிப்பாள். நெய்தி சிரிக்க மாட்டாள். நாளெல்லாம் அவள் கேலி பேசாத இடம் அது ஒன்றுதான்.

கடைசி ஆளைக் கூப்பிட்ட பிறகு இன்னொரு பெயரும் வரும். "ஓபெத், கோஷ்! போகலாம் வா." வேனில் அப்படி யாரும் இருக்க மாட்டார்கள். டிரைவர் பெயர் போலிருக்கிறது என்று பயணிகள் நினைத்துக்கொள்வார்கள். "நன்றி, ஓபெத்" என்று என் கையைக் குலுக்கிவிட்டு இறங்கியவர்கள் எத்தனையோ பேர். நான் திருத்தியதில்லை. இப்போது யாரும் அப்படிச் சொல்வதில்லை. அது எப்படி நின்றது என்பதுதான் கதை.

ஓபெத், வில்லஎர்மோசாவிலிருந்து நண்பர்களோடு வந்த கல்லூரிப் பையன். எங்கள் வேனில் வந்தவன் இல்லை. அவன் மேலேயிருந்து வேரைப் பிடித்து ஊஞ்சலாடித் தண்ணீரில் குதித்துக்கொண்டிருந்த நேரத்தில், நெய்தி தன் ஆட்களைக் கூப்பிட்டு முடித்துக் கிளம்பிவிட்டாள். அன்று சாயங்காலமே அவனைப் பிணமாக எடுத்தார்கள். "என் கண்ணு முன்னாடி சிரிச்சிக்கிட்டு நின்னான் ருசேல். நம்ம வண்டி ஆள் இல்லையேன்னு அவன் பேரைக் கேக்காம வந்துட்டேன்" என்று எத்தனையோ நாள் புலம்பினாள். பேரைப் பத்திரிகையில் பார்த்துத் தெரிந்துகொண்டாள். அன்றிலிருந்து ஒருநாள் விடாமல் கூப்பிட்டாள்.

"வர மாட்டேங்கறான்" என்பாள் வேனில் ஏறும்போது. "சுவத்துகிட்ட பேசற மாதிரி இருக்கு. பெத்தவ கூப்பிட்டாத்தான் வருவான். நான் யாரோதானே அவனுக்கு?"

ஒரு வருஷம் மே மாதம். மழைக்கு முந்தின வெயில், தகரத்தில் முட்டை பொரிக்கலாம். அன்றைக்கு ஏறினவர்களில் தனியாக வந்த ஓர் அம்மா இருந்தார். டெலியா என்று பெயர் சொன்னார். ஐம்பதைத் தாண்டியவர். நீந்துகிற உடுப்பும் இல்லை, தொப்பியும் இல்லை. பெரிய கைப்பை ஒன்றைப் பக்கத்து இருக்கையில் வைத்துக்கொண்டு ஜன்னல் வழியே பார்த்தபடி வந்தார். நெய்தி அன்றைக்குச் சொன்ன புதுப் பதிலுக்கு வேனே குலுங்கியது. அவர் மட்டும் திரும்பவில்லை.

கோயிலடியில் மற்றவர்கள் படியேறிப் படம் பிடித்துக்கொண்டிருந்தபோது, அவர் நெய்தியின் அருகில் வந்து நின்றார். நான் நிழலில் தர்பூசணி வெட்டிக்கொண்டிருந்தேன். பேசியது காதில் விழவில்லை. ஆனால் நெய்தி பேசாமல் கேட்டுக்கொண்டு நிற்பதைப் பார்த்தேன். அதுவே போதும், விஷயம் சாதாரணம் இல்லை என்று தெரிந்துகொள்ள.

கொஞ்ச நேரம் கழித்து என்னிடம் வந்தாள்.

"அவனோட அம்மா" என்றாள்.

"யாரோட அம்மா?"

"ஓபெத்தோட. ஒரு தடவை அந்த இடத்தைப் பார்த்துட்டுப் போயிடறேங்கறாங்க. வேற ஒண்ணும் கேக்கலை."

கத்தியைக் கீழே வைத்தேன். "அப்போ இன்னைக்கு அந்தப் பேரைக் கூப்பிடாதே. பாவம், தாங்க மாட்டாங்க."

"கூப்பிடாம? இத்தனை வருஷம் இந்த நாளுக்குத்தானே காத்துக்கிட்டிருந்தேன்! இவங்க கூப்பிடாம போயிட்டா அவன் அங்கேயேதான் கெடப்பான்."

"சிலுவை போட்டாலே விக்கிரகம்ங்கற கண்டிப்பான சபைக்காரங்க போலிருக்கு. கழுத்துல சிலுவைகூட இல்லை, பார்த்தியா? இதெல்லாம் பாவம்னுவாங்க."

"பாவம்னா என்னைத் திட்டட்டும். திட்டு வாங்கறது எனக்குப் புதுசா?" என்றாள். குரலில் வழக்கமான துடுக்கு இல்லை.

மத்தியானம் அவள் நாத்தனார் வீட்டில் வான்கோழிக் கருங்குழம்பு. நெய்தி யாரையும் தட்டில் சோளரொட்டி மிச்சம் வைக்க விடமாட்டாள். "எங்க சோளக்கடவுள் கோவிச்சுக்கும், அப்புறம் ஊருக்குப் போனா வயித்த வலி" என்று மிரட்டுவாள். அன்றைக்கு டெலியா அம்மா ரொட்டியைத் தொடவே இல்லை. நெய்தி அந்தத் தட்டை ஒன்றும் சொல்லாமல் எடுத்துக்கொண்டு போனதைப் பார்த்து, அவள் நாத்தனார் என்னிடம், "இவளுக்கு உடம்பு கிடம்பு சரியில்லையா?" என்று கேட்டாள்.

சுனைக்கு வந்தோம். நிலம் வாய் பிளந்த பள்ளம், அடியில் நீலத் தண்ணீர், சுவரெல்லாம் வேர். எல்லோரையும் குழாயடியில் நிறுத்தி உடம்பிலிருக்கிற எண்ணெயும் களிம்பும் போகக் கழுவவைத்தாள். தண்ணீருக்குச் சொந்தக்காரரான காவல் தெய்வத்துக்கு ஒரு குடுவைச் சோளக்கஞ்சி ஊற்றி அனுமதி கேட்டாள். ஆட்கள் இறங்கி நீந்தினார்கள். டெலியா அம்மா மரப்படியின் கடைசித் தட்டில், செருப்பைக் கழற்றிவிட்டு, காலைத் தண்ணீரில் படாமல் மடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மீன்கள் அவர் நிழலுக்கு வந்து வந்து போயின.

நேரமானது. எல்லோரும் மேலே வந்தார்கள். அவரும் வந்து ஓரமாக நின்றார். நெய்தி கொப்பை எடுத்தாள். ஒவ்வொரு பெயராகக் கூப்பிட்டாள். "டெலியா, கோஷ்!" என்றபோது அந்த அம்மா லேசாகத் தலையசைத்தார், மரியாதைக்கு. அதற்கப்புறம் நெய்தியின் கொப்பு அந்தரத்தில் நின்றது. கூப்பிடாதே என்று எனக்கு ஒரு மனசு, கூப்பிடு என்று ஒரு மனசு.

"ஓபெத், கோஷ்! போகலாம் வா."

டெலியா அம்மா அடிபட்டவர் போலத் திரும்பினார். "என்ன சொன்னே?"

"உங்க பையனைக் கூப்பிட்டேம்மா. இத்தனை வருஷமா கூப்பிடறேன். என் பேச்சை அவன் கேக்கலை. நீங்க ஒரு தடவை கூப்பிடுங்க."

"என் பையன் செத்துட்டான்! மண்ணுல வெச்சுட்டு வந்திருக்கேன். ஊர் பாக்க வந்தவங்க முன்னாடி அவன் பேரை ஏலம் போடறியா? எங்க சபையில இதுக்குப் பேரே வேற."

"போடுங்கம்மா, என்ன பேர் வேணும்னாலும் போடுங்க" என்றாள் நெய்தி. அழுதுகொண்டிருந்தாள். நான் அவள் அழுது பார்த்ததே இல்லை. "நீங்க நம்ப வேணாம். அன்னைக்கு நான் இங்கதான் நின்னேன். ஒரு குரல் கொடுக்காம போயிட்டேன். அதான் போகும்போதெல்லாம் ஓபெத், ஓபெத்னு..."

"ஓபெத்தாம் ஓபெத்!" டெலியா அம்மாவின் குரல் உடைந்தது. கோபம்தான், ஆனால் வேறு எதன் மேலோ. "அந்தப் பேரைச் சொன்னா அவன் எப்படிடீ வருவான்? பள்ளிக்கூடத்து வாத்தியார்தான் அப்படிக் கூப்பிடுவார். அந்தப் பேர் காதில விழுந்தாலே ஓடி ஒளிஞ்சுக்குவான். வீட்டில ஒரு நாள்கூட நாங்க அவனை அப்படிக் கூப்பிட்டதில்லை."

நெய்தியின் கொப்பு கீழே தாழ்ந்தது. எத்தனை மழைக்காலம், எத்தனை வெயில்காலம்! பத்திரிகையில் போட்டிருந்த பேரையே கூப்பிட்டுக் கூப்பிட்டு அவனை இன்னும் உள்ளே விரட்டியிருக்கிறாள். "அப்போ எப்படிக் கூப்பிடுவீங்க?" என்று சின்னப் பிள்ளை மாதிரி கேட்டாள்.

அந்த அம்மா நேரே விளிம்புக்குப் போனார். கொப்பெல்லாம் வாங்கவில்லை. கையை இடுப்பில் வைத்துக்கொண்டு, கொல்லைப்பக்கம் நின்று கூப்பிடுகிற எந்தத் தாயையும் போலக் கத்தினார்.

"குச்சி! டேய் குச்சி! எவ்வளவு நேரம்டா தண்ணியில ஊறுவே? விரலெல்லாம் சுருங்கிப் போயிருக்கும். போதும், ஏறி வா. வீட்டுக்குப் போகணும்."

பள்ளம் அதைத் திருப்பிச் சொன்னது. யாரும் அசையவில்லை. நெய்தி மட்டும் அவர் பக்கத்தில் மண்டியிட்டு, கொப்பால் தரையை மெல்லத் தட்டிக்கொண்டே இருந்தாள். ஏதாவது நடந்ததா என்று கேட்டால், நான் பார்த்தவரை ஒன்றும் நடக்கவில்லை. தண்ணீர் தண்ணீராகத்தான் இருந்தது. நான் இதையெல்லாம் முழுசாக நம்புகிறவனும் இல்லை. ஆனால் நெய்தி எழுந்தபோது அவள் முகத்தைப் பார்த்தேன். பாரத்தை இறக்கி வைத்தவள் முகம் அது.

வேனில் டெலியா அம்மா அதே ஜன்னலோரம் உட்கார்ந்தார். காலையில் பக்கத்து இருக்கையில் வைத்திருந்த பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். இடம் காலியாக இருக்கிறதே என்று டச்சுக்காரர் ஒருவர் அங்கே உட்காரப் போனார்.

"ஆள் இருக்கு" என்றார் அந்த அம்மா.

டச்சுக்காரர் வேனுக்குள் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுப் பின்னால் போய் நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தார். முன்னிருக்கையில் நெய்தி நேரே சாலையைப் பார்த்தபடி, "வண்டியை எடு" என்றாள். வழியெல்லாம் பாட்டும் இல்லை, ஜன்னல் சண்டையும் இல்லை.

வயாதொலித் பேருந்து நிலையத்தில் டெலியா அம்மாவுக்காக நிறுத்தினேன். இறங்கிப் போய்ப் பக்கக் கதவைத் திறந்துவிட்டேன். அவர் மெதுவாக இறங்கினார். நெய்தியின் கையைப் பிடித்து அழுத்தினார். கதவைச் சாத்தக் கை வைத்தேன். அப்போது அவர் வேனுக்குள் திரும்பிப் பார்த்துச் சொன்னார்:

"பார்த்து எறங்கு. படி உசரம்."

நான் கையை எடுத்துவிட்டு, இன்னொரு ஆள் இறங்குகிற நேரம் வரைக்கும் கதவைத் திறந்துபிடித்துக்கொண்டு நின்றேன். அப்புறம்தான் சாத்தினேன்.