கண்ணில் ஒற்றிய நோட்டு

வேளாண்மை அலுவலகத்தில் எனக்கு எழுத்தர் வேலை. விதை இருப்பும் மானியப் பட்டியலும் தவிர வேறொன்றும் அறியாதவள். ஒருநாள் காலை, மதுரையில் இருக்கும் லஞ்ச ஒழிப்பு அலுவலகத்துக்குச் சாட்சியாகப் போகச் சொல்லி மேலதிகாரி கடிதத்தை நீட்டினார். லஞ்சம் வாங்குபவரைப் பிடிக்கும்போது வேறு துறை ஊழியர் ஒருவர் கூட இருந்து பார்க்க வேண்டுமாம். "ஏம்மா, நம்ம ஆளுகளுக்கே குழி பறிக்கவா போற?" என்று பக்கத்து மேசைக்காரர் கேலி செய்தார்.

அங்கே, புகார் கொடுத்த பெண் சுவரோரம் உட்கார்ந்திருந்தாள். அவள் கணவர் கட்டட வேலையில் சாரத்திலிருந்து விழுந்து இறந்து எட்டு மாதம் ஆகிறது. நலவாரியப் பணம் வந்தால்தான் மகளை நர்சிங் படிப்பில் சேர்க்க முடியும். அதற்கு வாரிசுச் சான்றிதழ் வேண்டும். அந்த மனுவில் பரிந்துரைக் கையெழுத்துப் போட வருவாய் ஆய்வாளர் ஐயாயிரம் கேட்டிருக்கிறார்.

நோட்டுகளில் ஒரு வெள்ளைப் பொடியைத் தடவி அவளிடம் கொடுத்தார்கள். அதைத் தொட்ட கையைச் சோடா உப்புக் கரைசலில் நனைத்தால் ரோஸ் நிறம் வரும். "அவரு கேக்குறத நீங்க காதால கேக்கணும், வாங்குறதக் கண்ணால பாக்கணும். இல்லாட்டி கோர்ட்டுல கேஸ் நிக்காதும்மா" என்று இன்ஸ்பெக்டர் சொல்லி அனுப்பினார்.

திருமங்கலம் பக்கத்தில் சின்ன அலுவலகம். முரட்டு மீசையும் உருட்டு விழியுமாக ஒருவரை எதிர்பார்த்துப் போனேன். இருந்தவரோ என் சித்தப்பா மாதிரி சாதுவாக இருந்தார்.

"இது யாரும்மா?"

"எங்க வீட்டுக்காரரோட அக்கா, சார்."

"உக்காருங்கம்மா, வெயில்ல வந்திருக்கீக" என்று மேசை விசிறியை எங்கள் பக்கம் திருப்பி வைத்தார். அதே கனிவோடு அவளிடம், "சொன்னதக் கொண்டாந்தியாம்மா?" என்றார்.

அவள் நீட்டினாள். அவர் இரண்டு கையாலும் வாங்கி, இரண்டு கண்ணிலும் ஒற்றிக்கொண்டார். மேசைக் கண்ணாடிக்கு அடியில் இருந்த சாமி படத்தின் மேல் ஒரு நொடி வைத்தெடுத்துச் சட்டைப் பையில் வைத்தார். "காலையில இருந்து போணியே ஆகலம்மா" என்று சிரித்தார்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. லஞ்சம் என்றால் பயந்து பயந்து, மேசைக்கடியில் வாங்குவார்கள் என்றுதான் நினைத்திருந்தேன். காலையில் கடை திறந்தவர் முதல் வியாபாரத்துக்குச் செய்கிற மரியாதையை இவர் ஒரு செத்த மனிதனின் காகிதத்துக்குச் செய்தார். அவருக்குக் குற்றம் செய்கிற நினைப்பே இல்லை.

அவர் பேனாவைத் திறந்தார். அதற்குள் அவள், சொல்லிக்கொடுத்தபடி முந்தானையால் முகத்தைத் துடைத்துவிட்டாள். அதுதான் சைகை. சன்னலுக்கு வெளியே காத்திருந்தவர்கள் உள்ளே பாய்ந்தார்கள்.

கரைசலில் அவர் விரல்களை நனைத்ததும் ரோஸ் நிறம் பரவியது. "நான் கேக்கலய்யா, அவுகளாத்தான் குடுத்தாக" என்றார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். "கேட்டார்" என்றேன். என் குரல் எனக்கே அந்நியமாக இருந்தது. அவர் ஈரக் கைகளால் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். கையை எடுத்தபோது இரண்டு இமைகளும் ரோஸ் நிறத்தில் இருந்தன.

அவரைக் கைது செய்து வண்டியில் ஏற்றினார்கள். கையெழுத்தாகாத மனுவும் ஆதாரமாம். அதையும் உறையில் போட்டு முத்திரை வைத்து எடுத்துப் போனார்கள்.

வாசலில் அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அக்கா, இனி யாரு கையெழுத்துப் போடுவா?"

"புதுசா ஒருத்தர் வருவாரும்மா. அவர் போடுவார்."

கோபமோ கிண்டலோ அவள் முகத்தில் இல்லை. பஸ் டிக்கெட் விலை கேட்பவள் போலத்தான் கேட்டாள்.

"அவருக்கு எம்புட்டுக்கா?"