எழுத்தில் மறுக்காதவர்

மயிலாப்பூரில் குளத்திலிருந்து நடக்கும் தூரத்தில் என் அலுவலகம். பத்து வருடங்களாகப் பணியமைப்புப் பிரிவில் உதவியாளர். யாருக்கு விடுப்பு, யாருக்கு வேறு அரசு வேலைக்குப் போகத் தடையின்மைச் சான்று, எல்லாக் கோப்பும் என் மேசையைத் தொட்டுத்தான் போகும். விதி எனக்குத் தலைகீழ்ப் பாடம். மேலதிகாரிக்குத் தகவல் சொல்லிவிட்டு யாரும் வேறு பதவிக்கு விண்ணப்பிக்கலாம். ஒழுங்கு நடவடிக்கை ஏதும் இல்லையென்றால் சான்று தர வேண்டும். மறுத்தால் காரணத்தை எழுத்தில் தர வேண்டும். எத்தனையோ பேருக்கு இதை எடுத்துச் சொல்லியிருக்கிறேன், பெரிய வக்கீல் மாதிரி.

திருவான்மியூரிலிருந்து பறக்கும் ரயிலில் நின்றுகொண்டே படித்து, அதிகாரி பதவிக்கான தேர்வில் நானும் தேறினேன். சான்றிதழ் சரிபார்ப்புக்கு மூன்று வாரம் இருந்தது. வயது வரம்புப்படி அதுதான் எனக்குக் கடைசி வாய்ப்பு. என் கோப்பை நானே எழுதக் கூடாது என்பதால் பக்கத்து மேசைக்காரர் குறிப்பு எழுதி அதிகாரிக்கு அனுப்பினார்.

மூன்றாம் நாள் கோப்பு திரும்பி வந்தது. ஓரத்தில் பச்சை மையில் ஒரே சொல்: 'பேசுக'.

கோப்பில் ஏதாவது விளங்காவிட்டால் அதிகாரிகள் இப்படி எழுதுவார்கள். நாம் நேரில் போய் விளக்க வேண்டும். அதுவரை அது ஏற்கப்பட்டதும் இல்லை, மறுக்கப்பட்டதும் இல்லை.

போனேன். "வாம்மா, காபி சாப்பிடு" என்றார். என் மகளின் பரீட்சை பற்றி விசாரித்தார். "நீ போயிட்டா இந்தக் கோர்ட் கேஸெல்லாம் யாரும்மா பாக்கறது? இந்த மாசம் தாண்டட்டும், பாத்துக்கலாம்" என்றார். மாசம் தாண்டினால் எல்லாம் முடிந்துவிடும் சார் என்றேன். சிரித்தார். மறுபடி கோப்பு போனது, மறுபடி 'பேசுக'. இந்த முறை வாசலிலேயே அலுவலக உதவியாளர் மறித்தார். "சார் மீட்டிங்ல கீறாரு மேடம், நாளிக்கு வாங்க." அடுத்த நாளும் மீட்டிங்தான்.

கோர்ட்டுக்குப் போக வேண்டியதுதானே என்றார் என் வீட்டுக்காரர். எதை எதிர்த்து? மறுத்திருந்தால் அந்தத் தாளோடு போயிருப்பேன். முப்பது வருடம் சர்வீஸ் போட்ட மனுஷருக்கு எதை எழுதக் கூடாது என்று தெரியாதா? திட்டியிருந்தால்கூட மனசு ஆறியிருக்கும். பாவி, காபி கொடுத்தே கவிழ்த்தார்.

அவருக்கும் மேலே ஒருவர் இருந்தார். அவருக்கு ஒரு புகார் எழுதியிருக்கலாம். எழுதவில்லை. எழுதினால் சாருக்கு மனம் கோணிவிடும், அப்புறம் சான்றே கிடைக்காது என்று பயந்தேன். அந்தப் பயத்துக்காக என்னை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

சரிபார்ப்பு நாளன்று என் தாள்களைப் புரட்டிய பெண், "என்.ஓ.சி. எங்க மேடம்?" என்று கேட்டாள். "ஃபைல் மூவ் ஆகிட்டிருக்கு" என்றேன். நான் ஊருக்கெல்லாம் சொல்லும் பதில்தான். ஒரு வாரம் அவகாசம் கொடுத்தார்கள். அந்த வாரம் சார் குடும்பத்தோடு திருப்பதிக்குப் போயிருந்தார். இறுதிப் பட்டியலில் என் எண் இல்லை.

போன மாதம் அவர் ஓய்வு பெற்றார். தி.நகரில் ஒரு ஹாலில் வடை பாயசத்தோடு விருந்து. மைக்கைப் பிடித்து ஒவ்வொருவராகப் புகழ்ந்துகொண்டு வந்தவருக்கு என்னைப் பார்த்ததும் குரல் தழுதழுத்தது.

"இந்தம்மாவுக்குப் பெரிய போஸ்டிங்கே கிடைக்க இருந்துது. நம்ம ஆபீஸ விட்டுப் போக மனசு வராம இங்கயே இருந்துட்டாங்க."

எல்லோரும் என் பக்கம் திரும்பிக் கைதட்டினார்கள். நான் எழுந்து நின்று கும்பிட்டேன்.