மரியஅந்தோணியின் அளவுநாடா

கயிற்றை முளையில் கட்டிவிட்டு மரியஅந்தோணி அதை விரலால் சுண்டிப் பார்க்கிறார். மறுமுனைக்கு நடந்துபோய் அங்கும் சுண்டுகிறார். சிங்கப்பூரின் ஜாலான் புசார் பந்தாட்டத் திடலில் பன்னிரண்டு ஆண்டுகளாகச் சுண்ணாம்புக் கோடு போடுபவர் அவர். எந்தக் கயிற்றையும் இதுவரை நம்பியதில்லை.

நடுவர் கொண்டுவரும் பந்து, புல் வெட்டும் ஜமால் முகம்மது ஊற்றித் தரும் தேத்தண்ணி, எல்லாமே சந்தேகம்தான். "சீனி கம்மியா இருக்கே, மிச்சத்த யாருக்குப் போட்ட?" திடலோரம் வந்து உட்காரும் நான் பட்டதாரி என்று தெரிந்ததும் கேட்டார்: "படிச்ச புள்ள இங்க வந்து எதுக்குக் குந்தியிருக்கு? யாரு அனுப்பிச்சா?" யாரும் அனுப்பவில்லை என்றேன். எனக்கே அது முழுப் பதிலாகத் தோன்றவில்லை.

அவர் தம்பி லாசரஸ், ஜொகூர் அணியின் கோல்கீப்பர். சிங்கப்பூரும் மலேசியாவும் ஒரே நாடாக இருந்தவரை அது வெறும் கேலிப்பேச்சு. பிரிந்த பிறகு, போன மாதம் ஜொகூர் இங்கே ஆட வந்தது.

"அண்ணே, தம்பிக்காகக் கோல சின்னதாக்கிடாதீங்க லா," என்றார் ஜமால்.

"கம்பத்த நானா நட்டேன்? போடா!"

திடல் அதிகாரி கேலி செய்யவில்லை. கோட்டைப் பற்றி ஒரு புகார் வந்தாலும் வேலை போய்விடும் என்று சொல்லிவிட்டுப் போனார்.

ஆட்டத்துக்கு முன் இரண்டு தேசிய கீதங்கள் ஒலித்தன. மரியஅந்தோணி இரண்டுக்கும் விறைத்து நின்றார். "முந்தி ஒரு பாட்டுதான். இப்ப எந்தப் பாட்டுக்கு எப்படி நிக்கிறேன்னு எவனாச்சும் பாக்குறான் லா," என்று முணுமுணுத்தார்.

கோல் கோட்டின் நட்ட நடுவில் லாசரஸ் குதிகாலால் ஒரு கீறல் போட்டான். திரும்பிப் பார்க்காமலே கம்பங்களின் தூரம் தெரிய கோல்கீப்பர்கள் செய்வதுதான். இடைவேளைக்குப் பின் பக்கம் மாறும். அதே கீறலை நம்பி நம்முடைய கோல்கீப்பர் நிற்பார். அது நடுவை விட்டுத் தள்ளியிருந்தால் அவர் ஏமாந்துபோவார்.

முதல் பாதியில் கோல் விழவில்லை. வெளியே போகும்போது லாசரஸ் சிரித்தான். "அண்ணே, சுகமா? பிள்ளைங்கள்லாம் எப்படி?"

மரியஅந்தோணி தலையை மட்டும் ஆட்டினார். தம்பி ஓய்வறைக்குள் மறைந்ததும் அளவுநாடாவோடு கோலுக்கு விரைந்தார். ஒரு முனையை ஜமால் பிடித்துக்கொண்டார். இடது கம்பத்திலிருந்து கீறல் வரை பன்னிரண்டு அடி. வலது கம்பத்திலிருந்தும் பன்னிரண்டு அடி.

"தம்பி சரியாத்தான் போட்டிருக்காரு. விடுங்கண்ணே."

மரியஅந்தோணி நாடாவை உதறி முறுக்கு எடுத்தார். பிறகு குனிந்து, மறுபடியும் இடது கம்பத்தில் வைத்தார்.