தங்கூசியும் கிளட்ச் வயரும்

என் தம்பி றேமண்டுக்கு வாய் காது வரைக்கும். கொட்டாஞ்சேனையில் எங்கள் லேனுக்குள் யாராவது புல் வெட்டும் மெசின் வாங்கினால், இவனைக் கேட்காமல் ஸ்டார்ட் பண்ண முடியாது. “பத்தைக் காட்டுக்கு இரும்பு பிளேட். புல்லுக்கு நைலோன் தங்கூசி நூல். மதில் ஓரத்தில பிளேட்டைக் கொண்டு போனியோ, கல்லுத் தெறிக்கும்” என்று சட்டம் பேசுவான். துறைமுகத்தில் மூட்டை தூக்கியவன், முதுகு போனபிறகு இந்த மெசினோடு வெள்ளவத்தை, ஹெவ்லொக் டவுன் என்று வீடு வீடாகப் போகிறான்.

அவனுக்குப் பின்னால் போகிறவள் அவன் மனைவி செலீன். இவன் வெட்ட வெட்ட அவள் கூட்டி அள்ளி உரப்பையில் கட்டுவாள். மெசின் ஓடும்போது கிட்ட ஒருவரும் நிற்கக்கூடாது என்று அதன் மேலேயே படம் போட்டு ஒட்டியிருக்கிறது. கொழும்பில் யார் அதைப் பார்க்கிறார்கள்? வெட்டி முடியும்வரை காத்திருந்து கூட்டினால் மத்தியானம் தாண்டிவிடும், வீட்டுக்காரருக்கு மூக்குச் சிவந்துவிடும்.

தங்கூசிக்கு ஒரு குறை உண்டு. சீமெந்து மதிலில் உரசினால் தேய்ந்துபோகும். மெசின் நுனியில் நூல் சுற்றியிருக்கும் தலையை நிலத்தில் தட்டித் தட்டி நூலை வெளியே எடுக்கவேண்டும், அறுந்தால் கழற்றிச் சுற்றவேண்டும். இந்தக் கரைச்சலுக்குப் பயந்து, அவ்வளவு சட்டம் பேசின மனிதன், மோட்டார் சைக்கிள் கிளட்ச் வயரை வெட்டித் தலைக்குள் கொழுவினான். வயர் தேயாது. முறியும் என்பதை மட்டும் அவன் யோசிக்கவில்லை.

அது ஹெவ்லொக் டவுனில், யோகநாதன் ஐயா வீட்டு மதிலோரம் முறிந்தது. செலீனின் இடது கண்ணில் ஏறியது.

ஆஸ்பத்திரியில் கேட்ட எல்லோருக்கும், “கல்லுப் பட்டது” என்றே சொன்னாள். வயர்த் துண்டை வெளியே எடுத்த டொக்டரிடமும் அதையேதான் சொன்னாள். கண் போய்விட்டது. இவன் கொச்சிக்கடை அந்தோனியாருக்கு முன்னால் முழங்காலில் நின்று அழுதான். இனி வயரைத் தொடமாட்டேன் என்று சத்தியம் பண்ணினான். அவன் அக்கா நானும் நம்பினேன். எனக்குப் புத்தி அவ்வளவுதான்.

காயம் ஆறினதும் செலீன் திரும்பவும் அவன் பின்னால் போனாள். ஆனால் அன்று தொடக்கம் மெசினின் தலையைத் தன் கையில் எடுத்துக்கொண்டாள். வேலை முடிந்து வந்தால் அவள்தான் கழற்றுவாள். ஒட்டின புல்லைச் சுரண்டிக் கழுவுவாள், ஸ்பிரிங்கைத் துடைப்பாள். காய்ந்து மொறுமொறுத்த தங்கூசி சட்டென்று அறும் என்று பக்கெட் தண்ணீரில் ஊறப்போட்டு, பிறகு ஒன்றின்மேல் ஒன்று ஏறாமல் சுற்றுவாள். ஒரு கண்ணால் சரியாகத் தெரியாது, விரலால் தடவித் தடவிச் சுற்றுவாள்.

போன கிழமை யோகநாதன் ஐயா, “என்ன றேமண்ட், இப்ப பின்னேரம் வரைக்கும் இழுக்கிறீர்? முந்தி டக்கெண்டு முடிப்பீர்தானே” என்றாராம். அவ்வளவுதான். அடுத்த நாள் இவன் தனியாக ஒரு வீட்டுக்குப் போய்வந்தான். வந்ததும் “தலையை நானே கழுவிட்டன்” என்றான். செலீன் குசினிக்குப் பின்னால், மெசின் வைக்கும் இடத்துக்குப் போனாள்.

நாங்கள் சாப்பிட உட்கார்ந்தோம். எனக்குச் சோறு வைத்தாள். அவன் முன்னால் மூடி வைத்த சாப்பாட்டுக் கோப்பை ஒன்றை வைத்தாள். திறந்தான். உள்ளே மெசினின் தலை. இரண்டு பக்கமும் கிளட்ச் வயர் நீட்டிக்கொண்டிருந்தது.

எனக்கு அவனைக் கன்னத்தில் அறையவேண்டும் போலிருந்தது. செலீன் சத்தம் போடவில்லை.

“நாளைக்கும் இதோடதானா?” என்று கேட்டாள்.

அவன் தலையைக் குனிந்துகொண்டு, “யோகநாதன் ஐயா வேற ஆளைப் பிடிச்சிடுவார் செலீன். இந்த ஒருக்கா மட்டும்” என்றான்.

நாட்டில் இல்லாத கெட்ட வார்த்தையெல்லாம் என் வாயில் வந்தது. அவள் கையைக் காட்டி என்னை நிறுத்தினாள்.

“பரவாயில்ல மச்சாள், விடுங்கோ” என்றாள். பிறகு அவனைப் பார்த்து, “போன கண்ணை மெசின் பக்கம் வச்சிக்கொண்டு கூட்டுறன். அதில இனிப் போக ஒண்டுமில்லத்தானே?” என்றாள்.

கோப்பையை எடுத்து ஒதுக்கிவைத்துவிட்டு, அவனுக்கும் சோறு போட்டாள்.